கார்லைல் பள்ளியாரின் கால்பந்துப் பருவம்

கலாசாலைகளின் விளையாட்டுக் குறிப்பேடுகளைப் புரட்டுவோர் வெற்றி, தோல்வி, சமநிலை என்னும் மூன்று சொற்களையும், அவற்றையடுத்துச் சில எண்களையுமே காண்பர். அவ்வெண்களை ஈட்டிய மாணாக்கர் யாவர், எந்நிலையினின்று ஆடுகளத்திற்கு வந்தனர், ஆட்டம் முடிந்தபின் அவர்க்கு நேர்ந்தது யாது என்பனவற்றை அவ்வெண்கள் கூறா. ஆகவே சில குறிப்புகளை எண்ணளவிற் படித்து மூடிவிடாமல், அவற்றின் பின்னுள்ள வரலாற்றோடு சேர்த்துப் படித்தல் நமக்குப் பயன் தருவதாகும். அத்தகைய குறிப்பொன்றை ஈண்டு எடுத்துக்கொள்வோம்.

அமெரிக்க ஐக்கிய நாட்டில், பென்சில்வேனியா மாகாணத்தைச் சேர்ந்த கார்லைல் என்னும் சிறு நகரில், அந்நாட்டின் ஆதிகுடிப் பிள்ளைகளுக்கென அரசாங்கத்தார் நடத்திவந்த தொழிற்பள்ளியொன்று இருந்தது. அப்பள்ளியின் கால்பந்து அணியார் 1912-ஆம் ஆண்டுப் பருவத்தில் 14 ஆட்டங்கள் ஆடினர். அவற்றுள் 12-இல் வென்றனர், ஒன்றில் தோற்றனர், ஒன்று சமநிலையில் முடிந்தது. அவர்கள் எடுத்த புள்ளிகள் 504. எதிரிகளுக்குக் கொடுத்தவை 114. எதிர்த்து நின்றவர்களோ பெரும்பாலும் பெயர்பெற்ற கல்லூரிகளையும் பல்கலைக்கழகங்களையும் சேர்ந்தவர்கள். கார்லைலோ கல்லூரியே அன்று. தச்சும் கொல்லும் தையலும், அவற்றோடு பள்ளிப்படிப்பும் கற்பித்த ஓர் இடம். அத்தகைய பள்ளியார் இவ்வெற்றியை எவ்வாறு பெற்றனர்? பெற்ற வெற்றி அவர்களுக்கு எதைத் தந்தது, எதைத் தரவில்லை? இவ்வினாக்களுக்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பள்ளியின் தோற்றம்

கார்லைல் பள்ளி 1879-ஆம் ஆண்டில் ரிச்சர்டு ஹென்றி பிராட் என்னும் படை அதிகாரியால் நிறுவப்பெற்றது. படைவீரர் தங்கியிருந்து கைவிட்ட பழைய பாசறைக் கட்டடங்களே வகுப்பறைகளாகவும் விடுதிகளாகவும் மாற்றப்பட்டன. பிராட்டின் கொள்கை வெளிப்படையானது. ஆதிகுடிப் பிள்ளையினிடமுள்ள குடிவழக்கத்தை முற்றிலும் அழித்துவிட்டால், எஞ்சிநிற்கும் மனிதனைக் காப்பாற்றிவிடலாம் என்று அவர் 1892-ஆம் ஆண்டில் மேடையேறிப் பேசினார். நூற்றுக்கு மேற்பட்ட குடிகளிலிருந்து பிள்ளைகள் நெடுந்தொலைவு இரயிலில் கொண்டுவரப்பட்டனர். வந்தவுடன் அவர்தம் நீண்ட கூந்தல் கத்தரிக்கப்பட்டது, உடை மாற்றப்பட்டது, தாய்மொழி பேசுதல் தடுக்கப்பட்டது, பெயரும் மாறியது. முதன்முதல் வந்த பிள்ளைகளுள் ஒருவராகிய லூதர் ஸ்டாண்டிங் பேர் என்பார், கரும்பலகையில் எழுதப்பட்டிருந்த பெயர்களுள் ஒன்றைக் கோலாற் சுட்டிக் காட்டித் தமக்கு அயற்பெயர் பெற்ற செய்தியைப் பிற்காலத்துத் தாம் எழுதிய நூலிற் கூறியுள்ளார். எழுத்தறியாத சிறுவன், தான் எதைச் சுட்டினான் என்பதையும் அறியாமலே அப்பெயருக்கு உரியவனாயினான்.

அப்பள்ளி நடந்த 39 ஆண்டுகளில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகள் அங்குச் சேர்ந்தனர். முழுப்படிப்பையும் முடித்துத் தேறியவர் சில நூற்றுவரே. நோயால் மாண்டு அவ்விடத்திலேயே புதைக்கப்பட்டவர் நூற்றெண்பதின்மருக்கும் மேற்பட்டவர். கால்பந்தின் கதையைச் சொல்லுமிடத்து இக்கல்லறைகளை ஏன் குறிக்கின்றோமெனின், ஆடுகளமும் அடக்கத்தலமும் ஒரே வேலிக்குள் இருந்தமையாலே என்க.

ஆட்டம் பள்ளியிற் புகுந்த வகை

1890-ஆம் ஆண்டையொட்டி, அதே நகரிலுள்ள டிக்கின்சன் கல்லூரியாரோடு ஆடியபோது கார்லைல் மாணாக்கன் ஒருவனுக்குக் கால் முறிந்தது. அதுகண்ட பிராட், வெளியாரோடு இனி ஆடலாகாதென்று தடைவிதித்தார். சில காலத்துக்குப் பின் நாற்பதின்மர் அளவிலான மாணாக்கர் திரண்டு அவர் அறைக்கு வந்து, தம்முள் நாவன்மையுடைய ஒருவனை முன்னிறுத்தித் தடையை நீக்கும்படி வேண்டினர். அவன் பேசிய திறத்தைக் கண்டு மனம் இளகியதாகப் பிராட் தம் வாழ்க்கைக் குறிப்பில் எழுதியிருக்கின்றார். அவர் இரண்டு நிபந்தனைகள் விதித்தார். எதிரி அறைந்தாலும் நீங்கள் திருப்பி அறைதல் கூடாது என்பது ஒன்று. சில ஆண்டுகளுக்குள் நாட்டின் மிகப் பெரிய அணியை நீங்கள் வெல்ல வேண்டும் என்பது மற்றொன்று. மாணாக்கர் இரண்டிற்கும் இசைந்தனர். தம் மொழியைக் கேட்டுப்பெற இயலாத அவ்விளைஞர் ஆட்டத்தைக் கேட்டுப் பெற்றனர். இவ்விரு நிபந்தனைகளையும் வாசகர் நினைவிற் கொள்ளல் வேண்டும். பின்னர் அவற்றை மீண்டும் சந்திப்போம்.

ஆட்டத்தின் இயல்பு

அமெரிக்கக் கால்பந்து நாம் ஆடும் கால்பந்தினின்றும் பெரிதும் வேறுபட்டது. பந்து நீள்வட்டமானது, பெரும்பாலும் கையாற் பற்றி ஓடப்படுவது. பக்கத்திற்குப் பதினொருவர். பந்தையேந்தி ஓடுவோனை எதிரிகள் தழுவி வீழ்த்துவர். நம் சடுகுடுவிற் பாடிவருவோனைப் பிடித்து அமுக்குவது போன்றதே அது. வீழ்த்தப்பட்ட இடத்திலிருந்து ஆட்டம் மீண்டும் தொடங்கும். 1912-ஆம் ஆண்டு விதிப்படி, பந்தை உடைய அணி நான்கு முயற்சிகளுக்குள் பத்துக் கெஜம் முன்னேறல் வேண்டும்; இயலாவிடின் பந்து எதிரிக்குப் போய்விடும். களத்தின் நீளம் 100 கெஜம். எதிரியின் எல்லைக்கோட்டிற்கு அப்பால் பந்தைக் கொண்டு சேர்ப்பதே 'டச்டவுன்' எனப்படும்; அதற்கு 6 புள்ளி. அதன்பின் பந்தை உதைத்துக் கம்பங்களுக்கிடையே செலுத்தினால் இன்னும் ஒரு புள்ளி. டச்டவுன் இன்றியே தொலைவிலிருந்து உதைத்துக் கம்பங்களுக்கிடையே செலுத்தினால் 3 புள்ளி.

இவ்விதிகள் நெடுங்காலத்தவை அல்ல. முன்னாளில் மூன்று முயற்சிகளுக்குள் ஐந்து கெஜம் சென்றாற் போதும்; பந்தை முன்னோக்கி எறிதல் கூடாது. அதனால், உடற்பருமன் மிக்கோர் பலரைக் கூட்டமாகச் சேர்த்து, எதிரியின் ஓரிடத்தில் மோதித் தள்ளிச் செல்வதே வெற்றிக்கு வழியாயிருந்தது. கை கால் முறிதலும் உயிரிழப்பும் மலிந்தன. 1905-ஆம் ஆண்டுப் பருவத்தில் மட்டும் 18 பேர் இறந்ததாகச் சிகாகோ நாளிதழொன்று கணக்கிட்டு வெளியிட்டது. சில பல்கலைக்கழகங்கள் ஆட்டத்தையே கைவிட்டன. அவ்வாண்டு அக்டோபர் மாதத்தில் குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட், ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆகிய மூன்று பல்கலைக்கழகப் பிரதிநிதிகளைத் தம் மாளிகைக்கு அழைத்து, ஆட்டத்தைச் சீர்செய்யும்படி வற்புறுத்தினார். 1906-ஆம் ஆண்டில் பந்தை முன்னோக்கி எறிதல் அனுமதிக்கப்பட்டது. செல்லவேண்டிய தொலைவு பத்துக் கெஜமாக உயர்த்தப்பட்டது. 1910-ஆம் ஆண்டில், பந்தேந்தியவனைத் தன் தோழர்கள் பற்றியிழுத்தலும் தள்ளுதலும் தடுக்கப்பட்டன. 1912-ஆம் ஆண்டில் நான்காம் முயற்சி சேர்க்கப்பட்டது. டச்டவுனின் மதிப்பு ஐந்திலிருந்து ஆறாக உயர்ந்தது.

விதிகள் இங்ஙனம் மாற மாறப் பருமனுக்கிருந்த சிறப்புக் குறைந்தது. விரைவுக்கும் கூர்மதிக்கும் இடம் விரிந்தது. கார்லைல் அணியார் பெரும்பாலும் எதிரிகளினும் இலேசான உடலினர். ஆதலின் பிற அணியார் தயங்கிநின்ற இடத்தில், இப்புதுவழியில் இவர்கள் துணிந்து முதலடி வைத்தனர்.

மதியால் வென்ற ஆட்டங்கள்

அவர்க்குப் பயிற்சியளித்தவர் கிளென் வார்னர் என்பவர். இவர் 1899 முதல் 1903 வரையும், மீண்டும் 1907 முதல் 1914 வரையும் கார்லைலில் இருந்தார். புதுவழிகளைக் காண்பதில் வல்லவர். 1903-ஆம் ஆண்டில் ஹார்வர்டு அணியோடு ஆடியபோது, கார்லைலார் நெருங்கிக் கூடிநின்று பந்தைத் தம்முள் ஒருவனுடைய சட்டையின் முதுகுப்புறத்திற் செருகிவிட்டுப் பலதிசையிலும் சிதறி ஓடினர். பந்து எங்கேயென்று ஹார்வர்டார் தேடித் திகைத்துக்கொண்டிருக்க, சட்டையுள் பந்துடையான் இருகைகளையும் வீசிக்கொண்டு எல்லைக்கோட்டைக் கடந்தான். காண்போர் நகைத்தனர். ஆயினும் அன்றைய ஆட்டத்தில் 12-11 என்ற கணக்கில் ஹார்வர்டே வென்றது. சூழ்ச்சி மட்டும் வெற்றி தாராதென்பதற்கு அது சான்று.

1907-ஆம் ஆண்டிலோ, பந்தை முன்னோக்கி எறியும் புதுமுறையைக் கார்லைலார் நன்கு பயின்று வந்து, பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தாரை அவர்தம் ஊரிலேயே 26-6 என வென்றனர். அவ்வாண்டு ஹார்வர்டையும் 23-15 என முதன்முறை வீழ்த்தினர். பிராட்டின் இரண்டாம் நிபந்தனை நிறைவேறியது. 1911-ஆம் ஆண்டில் ஹார்வர்டை மீண்டும் 18-15 என வென்றனர். அந்த 18 புள்ளிகளுள் 12, ஒருவன் காலால் நான்குமுறை உதைத்துப் பெற்றவை. அவ்விளைஞன் பெயர் ஜிம் தார்ப்.

தார்ப், சாக் அண்டு பாக்ஸ் என்னும் குடியைச் சேர்ந்தவர். குடியார் அவருக்கிட்ட பெயர் வா-தோ-ஹுக். 'ஒளிமிக்க பாதை' என்பது அதன் பொருள். 1912-ஆம் ஆண்டு ஜூலை மாதம் ஸ்டாக்ஹோம் நகரில் நடந்த ஒலிம்பிக் விழாவில், ஐந்து போட்டிகள் கூடிய பென்டத்லான், பத்துப் போட்டிகள் கூடிய டெக்கத்லான் ஆகிய இரண்டிலும் அவர் முதற்பரிசு பெற்றார். அதே விழாவில் 10,000 மீட்டர் ஓட்டத்தில் இரண்டாமிடம் பெற்ற லூயிஸ் டெவானிமாவும் கார்லைல் மாணாக்கரே. ஹோப்பி குடியினராகிய இவர், அரசாங்கத்தாரின் பள்ளிக்கொள்கையை எதிர்த்த தம் ஊரார் சிலரோடு சிறைப்படுத்தப்பட்டுக் கார்லைலுக்கு அனுப்பப்பட்டவர் என்பதை ஈண்டு நினைத்தல் தகும். அவ்வாண்டு ஆகஸ்டில் இருவரும் திரும்பியபோது கார்லைல் நகரமே திரண்டு வரவேற்றது.

1912-ஆம் ஆண்டுப் பருவம்

செப்டம்பர் 21-ஆம் நாள் பருவம் தொடங்கிற்று; நவம்பர் 28-இல் முடிவுற்றது. பத்து வாரத்துள் 14 ஆட்டங்கள். அணித்தலைவர் தார்ப். ஆட்டத்தின் போக்கைக் களத்தில் நின்று தீர்மானித்துக் கட்டளை கூறும் இடத்தில் இருந்தவர், சிப்பேவா குடியினரான கஸ் வெல்ச். ஆல்பிரைட் கல்லூரியை 50-7 எனவும், லெபனான் வேலிக் கல்லூரியை 45-0 எனவும், டிக்கின்சன் கல்லூரியை 34-0 எனவும், வில்லனோவாவை 65-0 எனவும் வென்றபின், வாஷிங்டன் அண்டு ஜெப்பர்சன் கல்லூரியோடு ஆடியது மட்டும் இருபுறமும் புள்ளியின்றிச் சமநிலையில் முடிந்தது. முந்தைய ஆண்டில் தம்மை ஒரே புள்ளியால் வென்ற சிரக்கியூஸ் பல்கலைக்கழகத்தாரை இம்முறை 33-0 என வென்றனர். பிட்ஸ்பர்க் 45-8 எனத் தோற்றது.

பெரிய ஆட்டங்களுக்கெல்லாம் கார்லைலார் வெளியூர்களுக்கே சென்றனர். பெருங்கூட்டம் கூடும் நகரங்களில்தான் நுழைவுச்சீட்டின் வரும்படி மிகுதி. அதில் ஒருபங்கு கார்லைலுக்கு வந்தது. அக்டோபர் 26-ஆம் நாள் வாஷிங்டன் நகரில் ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகத்தை 34-20 என வென்ற அணியினர், இரண்டே நாள் கழித்துக் கனடா நாட்டு டொரொன்டோவில் நின்று, அந்நாட்டு விதிகளும் கலந்த ஆட்டத்தில் 49-1 என வென்றனர். இரயிலில் உறங்கி, இறங்கி ஆடி, மீண்டும் இரயிலேறுதலே அவர்தம் பருவமாயிற்று. நவம்பர் 2-இல் லீஹை பல்கலைக்கழகம் 34-14 எனத் தோற்றது. ஒரு வாரம் கழிந்தது. வெஸ்ட் பாயிண்ட் ஆட்டம் வந்தது.

வெஸ்ட் பாயிண்ட் ஆட்டம்

ஹட்சன் ஆற்றங்கரையிலுள்ள வெஸ்ட் பாயிண்ட், ஐக்கிய நாட்டுப் படைக்கு அதிகாரிகளைப் பயிற்றும் கல்லூரி. அப்படைதான் ஆதிகுடிகளோடு நெடுங்காலம் போர்புரிந்தது. 1890-ஆம் ஆண்டு டிசம்பரில் ஊண்டட் நீ என்னுமிடத்தில், படையினர் லக்கோட்டா குடியினரான ஆடவர் பெண்டிர் குழந்தைகளைச் சுட்டுக் குவித்தனர். அது நிகழ்ந்து 22 ஆண்டுகளே ஆகியிருந்தன. ஆகவே 1912-ஆம் ஆண்டு நவம்பர் 9-ஆம் நாள் அக்களத்தில் எதிரெதிராக நின்றவர்களை வெறும் இரண்டு அணிகளென்று எவரும் எண்ணவில்லை. படைக்குப் போகவிருந்தோர் ஒருபால். அப்படையால் நிலமிழந்தோரின் மக்கள் மறுபால்.

வார்னர் அன்றைக்கென ஓர் அணிவகுப்பை அமைத்திருந்தார். வழக்கமாகப் பின்னே நிற்கும் ஓட்டக்காரர் இருவரை முன்வரிசையின் இரு கோடிகளுக்கும் அருகே, பறவையின் இரு சிறகுகள் போல நிறுத்தினார். பந்து இடப்புறம் செல்லுமோ, வலப்புறம் செல்லுமோ, எறியப்படுமோ, ஏந்தி ஓடப்படுமோ என்பதை எதிரி முன்கூட்டி அறிய இயலாது. உடற்பருமனில் மிக்க படைக்கல்லூரியார் ஒருபுறம் திரண்டு ஓடிய வேளையில் பந்து மறுபுறம் சென்றது. முதலில் டச்டவுன் பெற்றவர் படைக்கல்லூரியாரே. ஆயின் அதற்குப் பிந்திய உதை தவறியது. ஆறு புள்ளியோடு நின்றனர். கார்லைலார் தம் முதல் டச்டவுனையும் அதனையடுத்த ஒரு புள்ளியையும் பெற்று 7-6 என முந்தினர். இடைவேளைக்குப் பின் ஆட்டம் ஒருபக்கமாயிற்று. முடிவில் கார்லைல் 27, படைக்கல்லூரி 6. டச்டவுன்களைப் பெற்றவர் பிறராயினும், களம் முழுதும் ஓடியும் தாங்கியும் எதிரிகளை அயரச்செய்தவர் தார்ப்பே. அவரைத் தடுக்க முயன்று அலைந்த படைக்கல்லூரி இளைஞருள் ஒருவர் ட்வைட் ஐசன்ஹோவர். பிற்காலத்திற் பெரும்படைத் தலைவராகவும், 1953 முதல் 1961 வரை குடியரசுத் தலைவராகவும் விளங்கியவர்.

இவ்வாட்டத்தில் நாம் சிறப்பாகக் குறிக்க வேண்டுவது புள்ளிக்கணக்கு அன்று. கார்லைலைச் சேர்ந்த ஜோ கயான் என்பாரை எதிர்த்து நின்ற படைக்கல்லூரி அணித்தலைவர் லீலண்டு டெவோர், தாம் மீண்டும் மீண்டும் மடக்கப்படுதலைப் பொறாமல் அவரை அடித்தார். நடுவர் அவரைக் களத்தினின்று வெளியேற்றினார். இருபது ஆண்டுகட்கு முன் பிராட் விதித்த முதல் நிபந்தனை யாது? அறைந்தாலும் திருப்பி அறையாதே என்பதன்றோ? நாகரிகம் கற்பிக்கப்பட வேண்டியவர் என்று கருதப்பட்டவர் களத்தில் நின்று ஆடினர். கற்பிக்கும் நாகரிகத்தின் பிரதிநிதியாக நின்றவர் நடத்தைப் பிழைக்காக வெளியே சென்றார். எண்களிற் காணப்படாத இவ்வுண்மையே அன்றைய ஆட்டத்தின் சிறந்த வெற்றி என்பது நம் கருத்து.

அடுத்த வாரம் களைப்பு மிக்க கார்லைலார் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்திடம் 34-26 எனத் தோற்றனர். அதன்பின் ஸ்பிரிங்பீல்டுக் கல்லூரியை 30-24 எனவும், இறுதியாகப் பிரௌன் பல்கலைக்கழகத்தை 32-0 எனவும் வென்று பருவத்தை முடித்தனர்.

பதக்கம் பறிபோனமை

இரண்டு மாதம் செல்லுமுன் இடிவிழுந்தது. தார்ப் 1909, 1910-ஆம் ஆண்டுகளிற் கோடைக்காலத்தில் வட கரோலினா மாகாணத்துச் சிற்றூர் அணிகளில் சிறுதொகை பெற்றுக்கொண்டு பேஸ்பால் ஆடியவர் என்று 1913-ஆம் ஆண்டு ஜனவரியில் ஒரு செய்தித்தாள் வெளியிட்டது. பொருள் பெற்று ஆடினோர் ஒலிம்பிக் விழாவிற் பங்குகொள்ளலாகாது என்பது அந்நாளைய விதி. கல்லூரி மாணாக்கர் பலர் வேற்றுப்பெயரில் அவ்வாறே ஆடிப் பொருளீட்டியது அந்நாளில் வழக்கம்; தார்ப் தம் சொந்தப் பெயரிலேயே ஆடினார். அதனால் அகப்பட்டார். பயிற்சியாளரும் பள்ளித்தலைவரும் தமக்கு அச்செய்தி ஒன்றும் தெரியாதென்றே கூறினர். விழாமுடிந்து 30 நாட்களுக்குள்ளாகவே மறுப்புத் தெரிவித்தல் வேண்டும் என்று ஒலிம்பிக் விதி இருந்தது. அக்காலவரை கடந்து பல மாதங்கள் ஆகியிருந்தும் அதனை எடுத்துக்காட்டி வாதிட அவர் பக்கம் எவரும் நிற்கவில்லை. பதக்கங்கள் திரும்பப் பெறப்பட்டன. பெயர் ஏட்டினின்று நீக்கப்பட்டது.

தார்ப் 1953-ஆம் ஆண்டில் மறைந்தார். 1982-ஆம் ஆண்டில் ஒலிம்பிக் சங்கத்தார் அவரையும் வெற்றியாளருள் ஒருவராகச் சேர்த்துக்கொண்டனர். 1983-ஆம் ஆண்டு ஜனவரியில் அவர் மக்களிடம் பதக்கங்கள் அளிக்கப்பட்டன. அவரே தனி வெற்றியாளர் என்று ஏட்டில் மீளவும் எழுதப்பட்டது 2022-ஆம் ஆண்டு ஜூலையில். பறிப்பதற்கு ஒரு மாதம் போதியதாயிருந்தது; முழுதும் திருப்பித்தர 109 ஆண்டுகள் வேண்டியிருந்தன.

மாணாக்கரின் விண்ணப்பம்

தலைவர் வீழ்ந்தபின் அணியிற் பிறர் செய்தது யாது? களத்தின் போக்கைக் கண்டு கட்டளை கூறிய கஸ் வெல்ச், பள்ளியின் போக்கையும் கண்டார். பயிற்சியாளரின் கடுஞ்சொல், கால்பந்து வரும்படியின் கணக்கு, பள்ளி நிருவாகத்தின் சீர்கேடு, உணவின் குறைவு முதலியவற்றை விசாரிக்க வேண்டுமென மாணாக்கர் ஒரு விண்ணப்பம் எழுதினர். அதில் வெல்ச் முன்னின்றார். இருநூற்றுவருக்கு மேற்பட்ட மாணாக்கர் கையொப்பமிட்டனர். அதன் பயனாக 1914-ஆம் ஆண்டு பிப்ரவரியில் அந்நாட்டுச் சட்டசபைகளின் கூட்டுக்குழுவொன்று கார்லைலுக்கு வந்து சாட்சியங்களைக் கேட்டது. ஆயிரக்கணக்கான மக்கள் காண ஆடி ஈட்டிய பொருள், மாணாக்கர் அறியாத கணக்கில் ஆளப்பட்டுவந்தமை வெளியாயிற்று. பள்ளித்தலைவர் பதவி இழந்தார். வார்னர் அவ்வாண்டுப் பருவம் முடிந்தபின் பிட்ஸ்பர்க்குப் போய்விட்டார். வெல்ச் பின்னர்ச் சட்டம் பயின்று தேறினார்.

1918-ஆம் ஆண்டிற் பள்ளி மூடப்பட்டது. முதல் உலகப்போரிற் காயமுற்ற வீரர்க்கு மருத்துவம் செய்யவேண்டிப் படையினரே அவ்விடத்தைத் திரும்பப் பெற்றனர். இன்று அங்கே படை அதிகாரிகளின் உயர்கல்லூரியொன்று நடைபெறுகின்றது. 2017-ஆம் ஆண்டு முதல், அங்குப் புதைக்கப்பட்ட பிள்ளைகளின் எச்சங்கள் அவரவர் குடியாரிடம் ஒவ்வொன்றாக ஒப்படைக்கப்பட்டு வருகின்றன. 2024-ஆம் ஆண்டு டிசம்பரில் அவ்விடம் நாட்டின் நினைவுச்சின்னமாக அறிவிக்கப்பட்டது.

முடிவுரை

தொடக்கத்தில் எழுப்பிய இரண்டு வினாக்களுக்கும் இனி விடை கூறலாம். பருமனை நம்பிய ஆட்டம் மதியை நம்பும் ஆட்டமாக மாறிய காலத்தில், மாற்றத்தைப் பிறரினும் முன்னதாக உணர்ந்து, அயராது பயின்றதனாற் கார்லைலார் வென்றனர். ஆதிகுடியார் அறிவிற் குறைந்தவர் என்று அக்காலத்தார் கொண்டிருந்த எண்ணம் பொய்யென்பதை அவ்வெற்றி ஐயமற நாட்டியது. ஆனால் பொய்யென்று நாட்டப்பட்ட எண்ணம் அதனால் ஒழிந்துவிடவில்லை. 27-6 என்னும் கணக்கு எவராலும் மாற்ற இயலாதது. ஆயினும் அக்கணக்கு தார்ப்பின் பதக்கத்தைக் காக்கவில்லை. விடுதியில் நல்லுணவைத் தரவில்லை. கல்லறையிற் கிடந்த பிள்ளைகளை வீட்டிற்கு அனுப்பவில்லை.

ஆடுகளத்தின் வெற்றி கைதட்டலைத் தரும். நியாயத்தைத் தானாகத் தராது. நியாயத்தைக் கேட்க வேண்டும், எழுத வேண்டும், பெயரிட்டுக் கையொப்பமும் வைக்க வேண்டும். கார்லைல் மாணாக்கர் ஒருமுறை திரண்டு சென்று ஆட்டத்தைக் கேட்டனர். மற்றொருமுறை திரண்டு நின்று விசாரணையைக் கேட்டனர். இரண்டிற்கும் துணிவு ஒன்றே. களத்தில் ஒருவர்க்கொருவர் தோள்கொடுத்து நிற்கப் பழகியோர்க்கு, களத்திற்கு வெளியிலும் அவ்வாறு நிற்றல் எளிதாயிற்று போலும். விளையாட்டினால் மாணாக்கர் பெறத்தக்க பயன்களுள் இதனினும் பெரியது யாதென்று நாம் அறியோம். நம் கலாசாலை அணியாரின் குறிப்பேட்டிலும் வெற்றி தோல்விகள் ஆண்டுதோறும் எழுதப்படுகின்றன. எழுதும் கை, ஆடியவர் பெயரையும் அவர்தம் நிலையையும் மறவாதிருக்குமாக.